ஒற்றைத் ‘த’, இரட்டைத் ‘த’

எங்கள் ஊரில் மாதத்தில் ஒரு ஞாயிறு பத்துப் பன்னிரண்டு பேர் கூடி நாடகம் வாசிக்கிறோம். நடிப்பெல்லாம் கிடையாது. நண்பர் ஒருவரின் மொட்டை மாடியில் பிளாஸ்டிக் நாற்காலிகளை வட்டமாகப் போட்டு, ஜெராக்ஸ் எடுத்த பிரதியைக் கையில் வைத்துக்கொண்டு, ஆளுக்கொரு பாத்திரமாகப் படிப்போம். இடைவேளையில் சுண்டலும் டீயும். போன ஆண்டு ஸ்பானியக் கவிஞர் லோர்காவின் ‘பெர்னார்தா ஆல்பாவின் வீடு’ நாடகத்தை எடுத்தோம். ஆங்கில வழியாக நாங்களே தட்டுத் தடுமாறித் தமிழாக்கிக்கொண்டது. நோட்டீஸுக்கு ஒரு பக்க அறிமுகம் எழுதும் வேலை என் தலையில் விழுந்தது. லோர்காவைப் பற்றி நம் சிறுபத்திரிகை வாசகர்களுக்கு நான் புதிதாக என்ன சொல்லிவிடப் போகிறேன்? கவிதை, கிரானாடா, துப்பாக்கி, பெயரில்லாத குழி எல்லாம் எல்லாருக்கும் தெரியும். அதனால் முக்கால் பக்கத்தை அந்த நாடகத்தை முதன்முதலில் மேடையேற்றிய பெண்ணுக்குக் கொடுத்திருந்தேன். கூட்டத்தை நடத்தும் பெரியவர், நல்ல வாசகர், அதை வெட்டி ஒரே வரியாக்கியிருந்தார்: ‘லோர்காவின் நடிகையான மார்கரித்தா ஷிர்கு இதில் பெர்னார்தாவாக நடித்தார்.’ போனில் கேட்டதற்கு, “நாம லோர்காவைப் பத்தித்தானேம்மா பேசப் போறோம்,” என்றார்.

தப்பு என்று சொல்ல முடியாத வரி. ஆனாலும் அந்த ‘லோர்காவின்’ மட்டும் செருப்புக்குள் புகுந்த கல்லாக உறுத்திக்கொண்டே இருந்தது. கல்யாண வீட்டில் புதிதாக ஒரு பெண்ணைப் பார்த்தால் ‘நீங்க யாரோட சம்சாரம்?’ என்று கேட்டுத்தானே நமக்குப் பழக்கம். பதில் கிடைத்ததும் அந்தப் பெண்ணைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டியதெல்லாம் தெரிந்துவிட்டதாக ஒரு நிம்மதி வரும். அந்த வரியைப் படிப்பவருக்கும் அதே நிம்மதிதான் வரும் என்று தோன்றியது.

அன்று சாயங்காலமே நோட்டீஸ் வடிவமைக்கும் பையன் கூப்பிட்டான். “அக்கா, மார்கரிதாவா, மார்கரித்தாவா? உங்க ஃபைல்ல ரெண்டு மாதிரியும் இருக்கு.” உண்மைதான். நான் கவனிக்காமலே இரண்டு பெயர்களை எழுதியிருந்தேன். பார்சிலோனா பக்கத்தில் பேசும் கட்டலான் மொழியில் அவர் பெயரின் கடைசி எழுத்து மெலிந்து ஒலிக்கும். ஸ்பானிய மொழியில் வலுத்து ஒலிக்கும். எழுத்து போதவில்லை, வல்லினத்துக்கும் மெல்லிய ஒலிக்கும் ஒரே ‘த’தானா என்று நம் நெடுங்கணக்கைக் குறை சொல்பவர்கள் உண்டு. இந்த ஒரு பெயருக்கு மட்டும் அது அளவெடுத்துத் தைத்ததுபோல் பொருந்துகிறது. ஒற்றைத் ‘த’ போட்டால் பார்சிலோனாவில் வளர்ந்த கட்டலான் பெண் மார்கரிதா. இரட்டைத் ‘த’ போட்டால் மாட்ரிட்டும் புவெனஸ் ஐரிஸும் கொண்டாடிய ஸ்பானிய மேடையின் மார்கரித்தா. பையனுக்குச் சட்டென்று பதில் சொல்ல வரவில்லை. “ஒரு நாள் டைம் குடுப்பா,” என்றேன். அந்த ஒரு நாள் இத்தனை மாதமாக நீண்டு இந்தப் பதிவில் வந்து நிற்கிறது.

குஞ்சம் பின்னிய கை

1888 ஜூன் 18 அன்று பார்சிலோனாவுக்குப் பக்கத்திலுள்ள மோலின்ஸ் தெ ரெய் என்ற சிற்றூரில் பிறந்தவர். அப்பா பூட்டும் இரும்பும் பார்க்கும் தொழிலாளி. பிழைப்புக்காகக் குடும்பம் பார்சிலோனாவுக்கு வந்தது. பெண் குழந்தை பள்ளிக்கூடத்தை விட்டு, உடைகளுக்கும் திரைச்சீலைகளுக்கும் குஞ்சமும் நாடாவும் பின்னும் பட்டறையில் வேலைக்குப் போனது. அன்றைய பார்சிலோனாவில் தொழிலாளர் குடியிருப்புகளில் ‘அத்தனேயு’ என்ற மன்றங்கள் இருந்தன. நம் படிப்பகத்தையும் இரவுப் பள்ளியையும் ஒரு சின்ன மேடையையும் ஒரே கூரைக்குக் கீழே கொண்டுவந்தால் எப்படியிருக்கும், அப்படி. பகலில் தறியிலும் பட்டறையிலும் நின்றவர்கள் ராத்திரி அங்கே நாடகம் போடுவார்கள். ஷிர்குவின் நாடகப் பள்ளி அதுதான். 1906-இல், 18 வயதில், ஸோலாவின் ‘தெரேஸ் ராக்கான்’ நாடகத்தில் கணவனைக் கொல்லத் துணைபோகும் மனைவியாக நடித்தார். அதே ஆண்டு கட்டலான் நாடகத்தின் தாய்வீடான ரோமேயா அரங்கு அவரைச் சம்பளத்துக்கு எடுத்துக்கொண்டது.

நான்கு வருடத்துக்குள் ஊர் முழுக்க அவர் பேச்சு. 1910-இல் ஆஸ்கார் வைல்டின் ‘சலோமி’யாக மேடையில் ஆடினார். பத்திரிகைகளில் பாதி அவரைக் கொண்டாடியது, பாதி குடும்பப் பெண்கள் பார்க்கலாமா என்று கொதித்தது. கட்டலான் நாடகத்தின் பெரியவர் ஆங்கெல் கிமேரா எழுதிய ‘இளைய ராணி’க்கு 1911-இல் அவர்தான் ராணி. இந்தக் கட்டத்தோடு நின்றிருந்தால் கட்டலான் நாடக வரலாற்றில் ஓர் அருமையான அத்தியாயமாக இருந்திருப்பார், நான் இந்தப் பதிவை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன்.

தென்னமெரிக்காவுக்கு நாடகம் கொண்டுபோகும் ஒரு பெரிய ஏற்பாட்டாளர் அவரைக் கூப்பிட்டார். ஒரே நிபந்தனை, ஸ்பானிய மொழியில் நடிக்க வேண்டும். 25 வயதில், 1913-இல், வேறொரு மொழியின் வசனங்களை நாக்கில் ஏற்றிக்கொண்டு கடல் கடந்தார். 1914-இல் மாட்ரிட்டின் பிரின்செஸா அரங்கில் கால் வைத்தார். தாய்மொழி மேடையை விட்டுவிட்டுப் போய்விட்டாள் என்று இந்தப் பக்கம் பேச்சு. வந்தவளின் உச்சரிப்பில் கட்டலான் வாடை அடிக்கிறது என்று அந்தப் பக்கம் பேச்சு. இதில் யார் பக்கம் நிற்பது என்று எனக்கு இன்னும் தெளிவில்லை. மொழி என்றால் உடனே சிலிர்த்துக்கொள்ளும் ஊரில் வளர்ந்தவள் நான். முதலில் படித்தபோது ஒரு சின்னக் கோபம்கூட வந்தது. பிறகு யோசித்தேன், 18 வயதுவரை குஞ்சம் பின்னிய ஒரு பெண்ணிடம், உன் எல்லை இந்தத் தெருமுனைதான், அதற்கு மேல் போனால் துரோகம் என்று சொல்ல எனக்கு என்ன உரிமை? நாடகக்காரர்களுக்கு வாய்தான் வயல். உழுகிற நிலத்தை மாற்றுவது அவருக்கு எவ்வளவு பயமாக இருந்திருக்கும் என்பதை அப்போது யாரும் விசாரித்ததாகத் தெரியவில்லை.

அந்தப் புதிய வாயால் அவர் என்ன செய்தார் என்பதற்கு ஒரு காட்சி போதும். ஸ்பானிய நாவலின் பிதாமகர் பெனீதோ பேரெஸ் கல்தோஸ் தன் கடைசிக் காலத்தில் பார்வை இழந்திருந்தார். அவருடைய ‘மரியானேலா’ நாவல் 1916-இல் நாடகமானது. அழகில்லாத அனாதைச் சிறுமி நேலா, கண் தெரியாத இளைஞனுக்கு வழிகாட்டியாக இருக்கிறாள். அவன் அவளை அழகியென்றே நினைத்திருக்கிறான். அவனுக்குப் பார்வை வந்ததும் அவள் செத்துப்போகிறாள். நேலாவாக ஷிர்கு. அவர் குரலைக் கேட்டதும் கல்தோஸ் இருட்டில் கையை நீட்டி ‘நேலா, நேலா’ என்று அழுதாராம். நேலா இப்படித்தான் பேசுவாள் என்று எழுதியவருக்கே அப்போதுதான் காதில் விழுந்திருக்கிறது. அதைக் கேட்க வைத்த உச்சரிப்பைத்தான் விமர்சகர்கள் கொச்சை என்றார்கள்.

வாய்ப்பு யார் கையில் இருந்தது

‘லோர்காவின் நடிகை’ என்றதும் நம் மனதில் எழும் படம் என்ன? ஒரு மகாகவி இருக்கிறார், தன் நாடகத்துக்குப் பொருத்தமான முகத்தைத் தேடுகிறார், ஒரு நடிகை கிடைக்கிறாள். இப்போது 1926 கோடையில் மாட்ரிட்டில் அவர்கள் முதலில் சந்தித்தபோது இருந்த நிலவரத்தைப் பாருங்கள். ஷிர்குவுக்கு 38 வயது. சொந்தக் கம்பெனி, சொந்த நாடகப் பட்டியல், இரண்டு கண்டங்களில் பெயர். லோர்காவுக்கு 28. அதுவரை பெரிய மேடைக்கு வந்த அவருடைய ஒரே நாடகம், ஒரு கரப்பான்பூச்சி வண்ணத்துப்பூச்சியைக் காதலிக்கிற கதை. 1920-இல் மாட்ரிட்டில் போட்டபோது பார்வையாளர்கள் கூச்சலிட்டே அதை ஊற்றி மூடினார்கள். இப்போது கையில் இன்னொரு பிரதி: ‘மாரியானா பினேதா’. தாராளவாதிகளுக்காகக் கொடி தைத்த குற்றத்துக்கு 1831-இல் கிரானாடாவில் கழுத்து நெரித்துக் கொல்லப்பட்ட பெண்ணின் கதை. நாட்டை அப்போது ஆண்டதோ சர்வாதிகாரி ஜெனரல் பிரிமோ தெ ரிவேரா. அந்த ஆட்சியில், தோற்ற நாடகாசிரியர் ஒருவர் எழுதிய விடுதலைக் கொடி நாடகத்தை எந்தக் கம்பெனி முதலாளி தொடுவார்?

ஷிர்கு தொட்டார். 1927 ஜூன் 24 அன்று பார்சிலோனாவின் கோயா அரங்கில் நாடகம் வந்தது. மேடை அமைப்பு, 23 வயது ஓவியர் சால்வதோர் தாலி. இன்று அந்த நோட்டீஸ் கிடைத்தால் லோர்கா, தாலி என்ற இரண்டு பெயர்களுக்காக ஏலத்தில் விலை பறக்கும். அன்றைக்கு டிக்கெட் வாங்கியவர்கள் வாங்கியது மூன்றாவது பெயருக்காக.

‘கம்பெனி’ என்ற சொல்லை நாம் இப்போது பழைய நாடகக் காலத்தோடு மூட்டை கட்டிவிட்டோம். ஆனால் ஷிர்குவைப் புரிந்துகொள்ள அது இல்லாமல் முடியாது. நடிப்பு அவர் வேலையில் பாதிதான். அடுத்த சீசனுக்கு எது, யார் எழுதியது, யார் இயக்குவது, எந்த ஊர், நஷ்டம் வந்தால் எந்தப் பழைய வெற்றியை இறக்கி ஈடுகட்டுவது, எத்தனை பேருக்குச் சம்பளம் என்பதெல்லாம் மீதிப் பாதி. கம்பெனியின் தலைமை நடிகையாக இந்த முடிவுகளையும் அவர்தான் எடுத்தார். ஓர் எழுத்தாளருக்கு அவர் எழுதிய புத்தகங்கள் எப்படியோ, ஷிர்குவுக்கு அவர் போடத் துணிந்த நாடகங்கள் அப்படி என்பது என் கணக்கு. அந்த வரிசையைப் பார்த்தால் ஆளின் கையெழுத்து தெரிகிறது.

1930-இலிருந்து மாட்ரிட்டின் எஸ்பான்யோல் அரங்கு அவர் கையில் இருந்தது. தோழர் போல உடனிருந்த இயக்குநர் சிப்ரியானோ ரிவாஸ் செரீஃப். உனாமுனோவின் ‘மற்றவன்’, எந்த அரங்கும் எடுக்காமல் 13 வருடம் கிடந்த வாய்யே இன்க்லானின் ‘தெய்வ வார்த்தைகள்’, லோர்காவின் ‘அதிசயச் செருப்புக்காரி’ என்று அடுத்தடுத்து. 1931-இல் மன்னராட்சி போய்க் குடியரசு வந்த கையோடு, குடியரசுக்காகச் சுட்டுக் கொல்லப்பட்ட கேப்டன் ஒருவரைப் பற்றி ரஃபாயெல் அல்பெர்த்தி எழுதிய ‘ஃபெர்மின் கலான்’. அதில் கன்னி மரியாள் துப்பாக்கியோடு வந்து குடியரசைக் காக்கப் புறப்படுகிறாள். அரங்கம் இரண்டாகப் பிளந்து கூச்சல். எனக்கே அந்தக் காட்சி கொஞ்சம் அதிகப்படி என்றுதான் தோன்றுகிறது. நாடகமாக அது தேறாது. ஆனால் பெரும் பணக்காரர்கள் முன்வரிசையில் உட்காரும் அரங்கில் அதைப் போட ஒரு திமிர் வேண்டும்.

1933-இல் மேரிதா ஊரில், 2000 ஆண்டுப் பழமையான ரோமானிய அரங்கின் இடிபாடுகளுக்கு நடுவில், செனேக்காவின் ‘மெதேயா’. உனாமுனோ லத்தீனிலிருந்து மொழிபெயர்த்தது. வெயில் தாழ்ந்த கற்படிகளில் ஆயிரக்கணக்கானோர். தேதி ஜூன் 18, ஷிர்குவின் 45-ஆம் பிறந்தநாள். பெற்ற பிள்ளைகளைக் கொல்பவளாக நின்று பிறந்தநாள் கொண்டாடியிருக்கிறார். இன்றும் மேரிதாவில் கோடைதோறும் நடக்கும் நாடக விழாவுக்கு அந்தச் சாயங்காலம்தான் தொடக்கம்.

அடுத்த ஆண்டு கடைசியில், டிசம்பர் 29 அன்று, ‘யெர்மா’. பிள்ளை இல்லாத பெண்ணின் தவிப்பு. திரை எழுந்ததுமே மேல்மாடத்திலிருந்து வலதுசாரிகள் வசை பாடினார்கள். வசை நாடகத்துக்கு மட்டுமில்லை. முன்னாள் பிரதமர் மனுவேல் அசான்யா சிறையிலிருந்து வெளிவந்திருந்த நேரம் அது. அவருக்கு ஷிர்கு நண்பர், அவருக்காகத் தன் வீட்டுக் கதவைத் திறந்துவிட்டவர். கூச்சலிட்டவர்களை வெளியேற்றிய பிறகு நாடகம் தொடர்ந்தது, முடிந்தபோது கைதட்டல் அடங்கவில்லை. ‘சிவப்பு மார்கரித்தா’ என்ற பட்டம் அந்தக் காலத்திலிருந்து ஒட்டிக்கொண்டது.

இவ்வளவையும் எழுதிவிட்டு, நோட்டீஸில் ‘ஷிர்குவின் கவிஞர் லோர்கா’ என்று திருப்பிப் போட்டுவிடலாமா என்று ஒரு அற்ப ஆசை வந்தது. போடவில்லை. அதுவும் இன்னொரு ‘யாரோட?’ கேள்விக்குப் பதில்தான். தவிர, 1936-க்குப் பிறகு நடந்தது அந்தக் கணக்கையும் குழப்பிவிடுகிறது.

போயிட்டு வர்றேன்

நம் வீடுகளில் யாரும் ‘போறேன்’ என்று சொல்லிவிட்டு வாசலைத் தாண்ட முடியாது. ‘போயிட்டு வர்றேன்’ என்று சொல்ல வைத்துத்தான் அனுப்புவார்கள். 1936 ஜனவரியை நினைக்கும்போதெல்லாம் எனக்கு இந்தச் சொல்தான் வருகிறது.

அதற்கு முந்தைய மாதம் பார்சிலோனாவில் லோர்காவின் ‘தோன்யா ரோஸிதா’வை ஷிர்கு மேடையேற்றியிருந்தார். வாக்குக் கொடுத்துவிட்டுப் போன மாப்பிள்ளைக்காகக் காத்திருந்தே முதிர்ந்துபோகும் பெண்ணின் கதை, பூக்களின் பாஷையில் எழுதியது. ரம்ப்ளா தெருவில் பூ விற்கும் பெண்களுக்காகவே ஒரு தனிக் காட்சி போட்டார்கள். முதல் நாள் காட்சிக்கு அவர்கள் பூச்செண்டு அனுப்பியிருந்தார்கள், அதற்கு நன்றி. இந்த விஷயத்தை மட்டும் நான் பலருக்கும் சொல்லியிருக்கிறேன். பூ விற்கிறவர்கள் கூடையை ஓரமாக வைத்துவிட்டு, நாற்காலியில் உட்கார்ந்து, பூக்களைப் பற்றிய நாடகம் பார்க்கிறார்கள். யோசித்துப் பார்க்கவே மணக்கிறது.

பிறகு அமெரிக்கச் சுற்றுப்பயணம். முதலில் கியூபா, அப்புறம் மெக்ஸிகோ. லோர்கா பில்பாவோ வரைக்கும் வந்து கம்பெனியோடு இருந்துவிட்டு விடைகொடுத்தார். மெக்ஸிகோவில் வந்து சேர்ந்துகொள்கிறேன் என்பது பேச்சு. ஜனவரி 31 அன்று சந்தாந்தேர் துறைமுகத்தில் கப்பல் ஏறினார்கள். அதற்கு முன்னும் பலமுறை கடல் கடந்தவர் ஷிர்கு. போவதும் சம்பாதிப்பதும் திரும்புவதும் அவருக்கு வாடிக்கை. பயணப் பெட்டிகளில் யெர்மாவின் உடை இருந்திருக்கும், ரோஸிதாவின் உடை இருந்திருக்கும். நான் அடிக்கடி நினைப்பது பெட்டியில் வைக்காதவற்றைப் பற்றி. கடற்கரையோர பதலோனாவில் வீடு இருக்கிறது, பூட்டிவிட்டுப் போகிறோம், வந்து பார்த்துக்கொள்ளலாம் என்று எதையெதையெல்லாம் விட்டுவிட்டுப் போயிருப்பார்? யாரும் ஒரு சுற்றுப்பயணத்துக்குத் தன் அம்மாவின் போட்டோவை எடுத்துக்கொண்டு போவதில்லை.

பிப்ரவரியில் தேர்தல், ஜூலையில் ராணுவக் கிளர்ச்சி. லோர்கா மெக்ஸிகோ போகவில்லை, கிரானாடாவுக்குத் தன் வீட்டுக்குப் போனார். ஆகஸ்டில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். வயது 38. பத்து வருடத்துக்கு முன்னால் அவரை முதலில் பார்த்தபோது ஷிர்குவுக்கு இருந்த வயது.

சேதி கிடைத்த நாளைப் பற்றி நாடகக்காரர்களிடையே ஒரு கதை உலவுகிறது. அன்று இரவு ‘யெர்மா’ போட வேண்டியிருந்ததாம். அந்த நாடகத்தின் முடிவில் யெர்மா தன் கணவனின் கழுத்தை நெரிக்கிறாள். இனிமேல் அவளுக்குப் பிள்ளை என்ற நம்பிக்கையே கிடையாது. கூடும் கூட்டத்தைப் பார்த்து, கிட்ட வராதீர்கள், என் பிள்ளையை நானே கொன்றுவிட்டேன் என்கிறாள். ஷிர்கு அன்று ‘கொன்றுவிட்டேன்’ என்று சொல்லவில்லை, ‘கொன்றுவிட்டார்கள்’ என்றாராம். என் பிள்ளையைக் கொன்றுவிட்டார்கள். ஸ்பானிய மொழியில் ஒரு சின்னச் சொல் மாறுகிறது. தமிழில் விகுதி ஒன்று மாறுகிறது, அவ்வளவுதான். கதை கதையாகவே இருந்துவிட்டுப் போகட்டும். ஆனால் வசனத்தை ஒரு எழுத்துகூடப் பிசகாமல் பேசிப் பழகிய ஒருவரின் வாயில் அது பிசகுவதற்கு அவர் என்ன நிலையில் இருந்திருக்க வேண்டும் என்று நினைத்தால் தொண்டையை அடைக்கிறது.

பூட்டிய வீட்டின் கதையும் முடிந்தது. 1939-இல் உள்நாட்டுப் போரில் கிளர்ச்சிப் படைத்தலைவர் ஃபிராங்கோ வென்றார். 1941-இல் ஒரு தீர்ப்பாயம், நாடகம் போட்ட இந்தப் பெண்ணுக்கு, அவர் முகத்தைப் பார்க்காமலே தண்டனை விதித்தது. சொத்து முழுவதும் பறிமுதல், நாட்டுக்குள் நுழையத் தடை. தோன்யா ரோஸிதா காத்திருந்தாள் என்றால், அவளாக நடித்தவருக்குக் காத்திருக்க வாசலே இல்லாமல் போனது.

இரண்டு ‘சிலென்சியோ’

‘பெர்னார்தா ஆல்பாவின் வீடு’ பிரதியில் லோர்கா போட்ட தேதி 1936 ஜூன் 19. ஷிர்கு அப்போது கடலுக்கு அந்தப் பக்கம். நாடகம் அவர் கையில் உயிர்பெற இன்னும் ஒன்பது வருடம் பிடித்தது. 1945 மார்ச் 8, புவெனஸ் ஐரிஸின் அவெனீதா அரங்கு. பார்வையாளர்களில் நிறையப் பேர் ஊர் திரும்ப முடியாத ஸ்பானியர்கள். 56 வயது ஷிர்கு, ஐந்து பெண்களை வீட்டுக்குள் பூட்டி வைக்கும் தாயாக. திரை விழுந்த பிறகு முன்னால் வந்து, அவன் இந்த நாடகம் இங்கே மேடையேற வேண்டுமென்று விரும்பினான், கூடவே இருக்க வேண்டுமென்றும் விரும்பினான் என்ற அர்த்தத்தில் பேசி, போரைச் சபித்துவிட்டு உள்ளே போனார்.

இதுவரை புதியதைத் தேடித் தேடிப் போட்ட பெண், இனிமேல் இறந்துபோன ஒருவரின் நாடகங்களைச் சுமந்துகொண்டு ஊர் ஊராகப் போகிறவராக ஆனார். ‘லோர்காவின் நடிகை’ என்பது இங்கே உண்மையாகிறது என்று பெரியவர் சொல்வாரானால், ஒத்துக்கொள்கிறேன். அவர் தேர்ந்தெடுத்துச் சுமந்த சுமை அது. அதற்காக மற்றதை விட்டுவிடவும் இல்லை. 1949-இல் புவெனஸ் ஐரிஸில் காம்யுவின் ‘தவறிய புரிதல்’ நாடகத்தைப் போட்டார். அர்ஜென்டினாவின் பெரோன் அரசு தடை போட்டது. ஒரு சர்வாதிகாரம் பார்த்தாயிற்று, இன்னொன்றோடு மல்லுக்கட்ட வேண்டாம் என்றோ என்னவோ, ஆற்றைக் கடந்து உருகுவாய் போனார்.

மொண்டேவீடியோவில் அந்த ஆண்டே நகராட்சியின் நாடகப் பள்ளி தொடங்கியது. அவர்தான் இயக்குநர், 1957 வரை. முறையாக எந்த நாடகப் பள்ளியிலும் படிக்காதவர் ஒரு நாட்டின் நடிகர் தலைமுறையையே படிக்க வைத்தார். அங்கே அவர் இயக்கத்தில் நடித்த சீனா சொர்ரீயா போன்றவர்கள் பிறகு தென்னமெரிக்கா முழுக்கப் பெயர் பெற்றார்கள். அந்தப் பள்ளிக்கு இன்று அவர் பெயர்தான், இரட்டைத் ‘த’வோடு. 1938-இல் அர்ஜென்டினாவில் எடுத்த ‘ரத்தத் திருமணம்’ படத்தில் அவர் தாயாக வருகிறார். தேய்ந்த பிரதியில் ஒருமுறை பார்த்தேன். கேமராவுக்காக நடிக்கத் தெரியாதவர், அல்லது தெரிந்தும் வேண்டாமென்று விட்டவர். கடைசி வரிசை டிக்கெட்காரனுக்குக் கேட்க வேண்டும் என்றே பேசுகிறார். முதல் பத்து நிமிடம் எனக்குச் சிரிப்பு வந்தது. அப்புறம் வரவில்லை.

1969 ஏப்ரல் 25 அன்று மொண்டேவீடியோவில் இறந்தார். 80 வயது. ஃபிராங்கோ அப்போதும் ஆட்சியில் இருந்தார்.

இனி மொட்டை மாடிக்கு வருகிறேன். நோட்டீஸில் அந்த வரியை மாற்றச் சொல்லிப் பெரியவரோடு இரண்டு நாள் பேசினேன். கடைசியில், ‘மார்கரிதா ஷிர்குவின் கம்பெனி 1945-இல் முதன்முதலில் மேடையேற்றிய நாடகம்’ என்பதில் வந்து நின்றது. “சரிம்மா, ஆனா கம்பெனின்னா சோப்புக் கம்பெனின்னு நெனச்சுக்குவாங்க,” என்றார். பையனிடம் ஒற்றைத் ‘த’ என்று சொன்னேன். “கூகுள்ல ரெண்டு ‘த’தான்க்கா நிறைய வருது,” என்றான். வரட்டும் என்றேன். ஊரைவிட்டுப் போனவரைப் போன இடத்தில் என்ன பெயர் சொல்லி வேண்டுமானாலும் கூப்பிடட்டும், நான் வீட்டுப் பெயரில் கூப்பிடுகிறேன்.

பெர்னார்தாவை வாசித்தது பணி ஓய்வு பெற்ற ஒரு டீச்சர். மேடைக்கு வந்ததும் பெர்னார்தா சொல்லும் முதல் சொல் ‘சிலென்சியோ’. நாடகத்தின் கடைசிச் சொல்லும் அதுவே. நாங்கள் ‘மௌனம்!’ என்று மொழிபெயர்த்திருந்தோம். டீச்சர் பிரதியை ஒரு நொடி பார்த்தார், கண்ணாடியைக் கழற்றினார். “எந்தம்மா இப்படி அதட்டுவா? நான் 34 வருஷம் க்ளாஸ்ல ‘சைலன்ஸ்’னு கத்தினவ. அது வேற. வீட்டுக்குள்ள அதட்டுறது வேற,” என்றார். பிறகு குரலைக் கொஞ்சமும் உயர்த்தாமல், யாரையும் பார்க்காமல், “பேச்சு வரக் கூடாது,” என்றார். மாடியில் யாரும் அசையவில்லை. பக்கத்து வீட்டில் குக்கர் விசில் அடித்தது மட்டும் கேட்டது.

இரண்டாம் அங்கம் முடிந்து சுண்டல் வந்தது. தட்டு பற்றாமல் சிலருக்கு நோட்டீஸைக் கூம்பாகச் சுருட்டிப் போட்டுக் கொடுத்தார்கள். டீச்சர் தன் கூம்பைப் பிரித்துப் படித்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

“இந்தம்மா அப்புறம் ஊருக்குத் திரும்பிப் போனாங்களா?”

“போனாங்க டீச்சர். 1988-ல.”

“பொறந்தது 1888-ன்னுதானே சொன்ன? அப்ப நூறு வயசுல்ல?”

“ஆமா டீச்சர். உருகுவாய்ல அடக்கம் பண்ணினதை எடுத்துட்டுப் போய், சொந்த ஊர்லயே வச்சாங்க.”

டீச்சர் ஒரு சுண்டலை எடுத்து வாயில் போட்டார். கையைச் சேலைத் தலைப்பில் துடைத்துக்கொண்டு பிரதியைப் புரட்டினார்.

“சரி, மூணாம் அங்கம். யாரு முதல்ல?”